எழுந்த தோள்

எங்கள் மல்யுத்தத்தில் யார் ஜெயிப்பது என்பதைக் காலையிலேயே முதலாளி சொல்லிவிடுவார். அதைக் களத்தில் நடத்திவைக்கும் நடுவர் நான். பார்க்க வருகிறவர்களுக்கும் இது தெரியும். தெரிந்துகொண்டேதான் அழுவார்கள்.

அதிலும் தமாகிக்காக அழுவதென்றால் அவர்களுக்கு அல்வா சாப்பிடுகிற மாதிரி. ஏழு வருடமாக அவள் ஒரு போட்டியிலும் ஜெயித்ததில்லை. பயிற்சியில் எங்கள் பெண்களில் பாதிப்பேரை மண்ணைக் கவ்வ வைக்கிறவள்தான். அது யாருக்கு வேண்டும்? அவள் பெயரை அறிவித்ததும் ரசிகர்கள் வீசும் மஞ்சள் காகிதச் சுருள்கள் நாலா பக்கமிருந்தும் பறந்து வரும். சாம்பியனுக்குக்கூட அத்தனை வராது.

தகமட்சு அவளுடைய சொந்த ஊர். அங்கே மட்டும் ஒரு தடவை ஜெயிக்க விடுங்கள் என்று முதலாளி குசுமோட்டோவிடம் கேட்டாள். சரி என்றார். மகள் தோற்பதைப் பார்க்கமாட்டேன் என்று ஏழு வருடம் வராத அவள் அப்பா, அன்று தன் நூடுல்ஸ் கடையை மூடி, கதவில் ஒரு காகிதம் ஒட்டிவிட்டு வந்தார்: ‘இன்று மகள் ஜெயிக்கிறாள். கடை விடுமுறை.’

பதினைந்தாவது நிமிடம் எதிராளி ரேய்கா அவளைத் தூக்கி அடித்ததில் மண்டபமே விம்மியது. மணியடிக்கும் மேசையிலிருந்து முதலாளி என்னைக் கூப்பிட்டார்.

“ரேய்காவையே ஜெயிக்கச் சொல்லு.”

“வாக்குக் குடுத்தீங்களே. அவ அப்பா வேற வந்திருக்காரு.”

“எப்படி அழுவுறாங்க பாருய்யா. இவ ஜெயிச்சுட்டா அடுத்த மாசம் எவன் வருவான்? போ.”

முதலில் ரேய்காவிடம் முணுமுணுத்தேன். பிறகு அடிபட்ட இடத்தைப் பார்ப்பதுபோலக் குனிந்து தமாகியின் காதில் சொன்னேன்.

“மாட்டேன்ணே,” என்றாள்.

ரேய்கா மேலே விழுந்து அமுக்கினாள். நான் தரையைத் தட்டி மூன்று எண்ணும்வரை இரண்டு தோளும் தரையில் கிடந்தால்தான் தோல்வி. ஒன்று. இரண்டு. தமாகியின் வலது தோள் தெளிவாக எழுந்தது. என் கை நிற்காமல் மூன்றாவது தடவையும் தட்டியது. குடும்பத்துக்காக என்று சொல்லிக்கொள்ள எனக்குக் குடும்பமும் இல்லை. வெறும் பயம்.

அவள் அப்பா இரண்டு கைகளாலும் முகத்தை மூடியிருந்தார்.

“தோள் எந்திரிச்சிருச்சுடா, குருட்டுப் பயலே,” என்று மண்டபம் என்னை வறுத்தெடுத்தது. அநியாயமாகத் தோற்றவள் என்றதும் அவள்மேல் பாசம் இரட்டிப்பானது. அவள் படம் போட்ட துண்டுகள் அரை மணியில் விற்றுத் தீர்ந்தன.

“பிரமாதம்யா,” என்று முதலாளி என் முதுகில் தட்டினார். “அடுத்த ஊர்லயும் இதையே பண்ணு.”

உடைமாற்றும் அறை வாசலில் தமாகி நின்றாள். “தோள் எந்திரிச்சிருச்சுல்லண்ணே?”

“ஆமாம்மா.”

“அதை அப்பாகிட்ட நீங்களே சொல்லிடுங்க. ஜனங்க சொன்னா என்மேல இருக்க பாசத்துல சொல்றாங்கன்னு நினைச்சுக்குவாரு. எண்ணுன ஆளு சொன்னாதான் நம்புவாரு.”

தொப்பியை மாட்டிக்கொண்டு கடைக்குப் போனேன். வாசலில் முப்பது ரசிகர்கள் அந்தக் காகிதத்தைப் படம் எடுத்தபடி கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். அவள் அப்பா அதைக் கிழிக்க வெளியே வந்தார்.

“ஐயா, விட்டுருங்க,” என்று ஒரு பெண் இடுப்புவரை குனிந்து கெஞ்சினாள். “அது அப்படியே இருக்கட்டும்ங்க. பார்த்தா மனசு என்னமோ பண்ணுது.”

அவர் கையைத் தாழ்த்திக்கொண்டு உள்ளே போனார். நான் தொப்பியை இன்னும் கீழே இழுத்துவிட்டுக்கொண்டு, எங்கள் பஸ்ஸுக்குத் திரும்பிவிட்டேன்.