ஒரே பெயரில் பதினொருவர்

என் மருமகள் குற்றவாளி என்று ஒரு நிறுவனம் எழுத்து மூலம் அறிவித்தது. அறிவித்தவர்கள் அவளை ஒருமுறைகூடப் பார்த்தவர்கள் அல்லர். அவளுடைய பெயரைக் கணினியில் தட்டினார்கள். ஒரு நீதிமன்றத் தீர்ப்பு வந்து விழுந்தது. அதை அவள் தலையில் கட்டிவிட்டார்கள்.

அவள் மருத்துவக் கருவிகளை வடிவமைப்பவள். நகரத்துப் பெரிய மருத்துவமனை, தன்னிடமுள்ள கருவிகளை எல்லாம் சோதித்துச் சான்றளிக்கும் பிரிவுக்கு ஒரு தலைவரைத் தேடியது. நேர்காணல் முடிந்து, வேலை அவளுக்குத்தான் என்று வாய்மொழியாகச் சொல்லியும்விட்டார்கள். எஞ்சியிருந்தது பின்னணிச் சரிபார்ப்பு ஒன்றுதான். அந்த அறிக்கையில்தான் தீர்ப்பு இருந்தது. ஒரு கொதிகலனைச் சோதிக்காமலே, சோதித்ததாகச் சான்றிதழில் கையெழுத்திட்ட குற்றம். பெயர் அதே பெயர். தலைப்பெழுத்தும் அதே எழுத்து. தொழில், கருவி வடிவமைப்பு. மறுப்பு இருந்தால் மாத இறுதிக்குள் ஆதாரத்துடன் தெரிவிக்கலாம், தவறினால் பணி அடுத்தவருக்கு வழங்கப்படும் என்று மருத்துவமனை எழுதியிருந்தது.

நான் அந்தச் சரிபார்ப்பு நிறுவனத்துக்குத் தொலைபேசினேன். ஓர் இளம்பெண் எடுத்தாள்.

"பேரு மேட்ச் ஆகுது சார்," என்றாள், குழந்தைக்குச் சொல்லும் பொறுமையோடு.

"பேரு பொருந்தினா ஆளு பொருந்திடுமா?"

"இனிஷியலும் மேட்ச் ஆகுது. தொழிலும் மேட்ச் ஆகுது. சிஸ்டம் அப்படித்தான் சார் காட்டுது."

"சிஸ்டம் யாரும்மா? அவரைக் கூப்பிடு, நான் பேசறேன்."

இணைப்பைத் துண்டித்துவிட்டாள்.

நான் பள்ளியில் பாடம் நடத்திய காலத்தில் ஒரே வகுப்பில் ஒரே பெயருடைய மூன்று மாணவர்கள் இருந்ததுண்டு. ஒருவனுக்குக் காய்ச்சல் என்றால் மூவரையும் வீட்டுக்கு அனுப்பியதில்லை. அந்த அளவு அறிவு போதும். அதுகூட இல்லாமல் ஒரு தொழில் நடக்கிறது. அதற்கு அலுவலகம், பெயர்ப்பலகை, தொலைபேசியில் காத்திருக்கும்போது இசை!

மருமகளின் தொழிற்சாலையில் காப்புரிம வேலைகளைப் பார்க்கும் வழக்கறிஞர்தான் சல்லடையைப் பற்றிச் சொன்னார். ஒரே பெயருடையவர்களைப் பிரித்துத் தருவதையே தொழிலாகக் கொண்ட அம்மையார் இந்தச் சல்லடை. ஆவண அலுவலகத்து எழுத்தர்கள் நேரில் 'அக்கா' என்பார்கள். முதுகு திரும்பியதும் 'சல்லடை' என்பார்கள். அது அவர் காதிலும் விழுந்திருக்கிறது. கோபித்துக்கொள்ளவில்லை, தம் பெயர்ப்பலகையிலேயே அதை எழுதி மாட்டிவிட்டார்.

சைக்கிள் பழுதுபார்க்கும் கடைக்கு மேலே, இரும்புப் படிக்கட்டு ஏறினால் அவருடைய அறை. நானும் மகனும் மருமகளும் உள்ளே நுழைந்தோம். சுவருக்குச் சுவர் நைலான் துணிக்கொடிகள் குறுக்கும் நெடுக்குமாகக் கட்டப்பட்டிருந்தன. துணிக்குப் பதில் காகிதங்கள் தொங்கின. ஒவ்வொரு மனிதருக்கும் ஒரு கிளிப். அவரைப் பற்றி நிரூபணமானவை எல்லாம் அந்தக் கிளிப்பின் கீழே. காற்றடித்தால் ஒருவர் வாழ்க்கை இன்னொருவர் வாழ்க்கையோடு கலந்துவிடும் என்பதால் சன்னல் அடைத்தே இருந்தது.

"குனிஞ்சு வாங்க சார். இப்ப நீங்க இடிச்சது ஒருத்தரோட அப்பாவை," என்றார் சல்லடை. ஐம்பது வயது இருக்கும். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, அதையே மேசையில் தேடிக்கொண்டிருந்தார்.

மகன், மருத்துவமனைக்கு அனுப்பிய விண்ணப்பத்தின் நகலை அவரிடம் நீட்டினான். நான் விஷயத்தைச் சொன்னேன். அவர் முழுவதையும் கேட்டுவிட்டு, "உங்க மருமகளை நான் கடைசியாத்தான் பாப்பேன்," என்றார்.

"நாங்க வந்ததே அவளுக்காகத்தானே அம்மா?"

"அவங்களைத் தேட என்ன இருக்கு, இதோ உக்காந்திருக்காங்க. மத்தவங்களைத்தான் தேடணும். இந்தப் பேர்ல இருக்கற ஒவ்வொருத்தரையும் முழு ஆளா நிறுத்தணும். பொறந்தது, படிச்சது, வீடு வாங்கினது, வழக்குக்குப் போனது, செத்தது, எல்லாம். அவங்கவங்க சொத்தை அவங்கவங்க எடுத்துக்கிட்டுப் போனப்பறம் மிச்சம் இருக்கறதுதான் உங்க மருமகளோடது."

"பேரும் இனிஷியலும் ஒண்ணா இருக்கேக்கா, எப்படிப் பிரிப்பீங்க?" என்று மருமகள் கேட்டாள்.

"ஒரு காகிதம் ஒரு ஆளுகிட்ட போகணும்னா எனக்கு ரெண்டு சாட்சி வேணும். பேரு சாட்சியில சேராது. பேருதானேம்மா இங்க குற்றவாளியே!"

ஓய்வு பெற்றவன், பொழுது போக வேறு வழியின்றித்தான் அவரோடு அலுவலகம் அலுவலகமாகச் சென்றேன். சென்றதற்கு மகிழ்கிறேன். நிலப்பதிவு அலுவலகம், நீதிமன்றத்து நகல் பிரிவு, காப்புரிம அலுவலகத்தின் வாசிப்பறை என்று அவர் போகாத இடமில்லை. எல்லாம் எவரும் கேட்டுப் பார்க்கக்கூடிய பொது ஆவணங்கள்தாம். கேட்கத் தெரிந்தவர்தான் அரிது. தேடியது கிடைத்தவுடன் நம்மைப் போன்றவர்கள் எழுந்துவிடுவோம். அவர் அப்போதுதான் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்காருவார். கிடைத்ததைப் பொய்யாக்கக்கூடிய ஒன்று எங்கேனும் இருக்கிறதா என்று தேடத் தொடங்குவார். அந்தப் பெயரில் ஒரு பாட்டு ஆசிரியை இருந்தார். அவர் விலாசத்தைக் கண்டுபிடிக்க ஒரு காலைப்பொழுது ஆயிற்று. அந்த விலாசம் அவருடையதன்று என்று நிரூபிக்க முயன்று தோற்கப் பிற்பகல் முழுவதும் ஆயிற்று. தோற்ற பிறகுதான் அந்தக் காகிதம் கொடியேறியது.

"நம்ம பாட்டுக்காரம்மா கெட்டி சார். அசைக்க முடியல," என்றார், சொந்த நாத்தனாரைப் பற்றிச் சொல்வதுபோல.

இப்படியாக மருமகள் உட்படப் பதினொருவர் சேர்ந்தனர். திவாலான ரொட்டிக்கடைக்காரி, கப்பலில் வேலை பார்த்தவர், என்றோ இறந்துபோன இருவர். ஒரு கிளிப்பில் பிறப்புப் பதிவு மட்டும் தொங்கியது. நான்கு வயதுக் குழந்தை.

"இது எதுக்கும்மா? கொதிகலனுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"

"இதுவும் ஒரு நாள் வேலை தேடிப் போகும்ல சார்? அப்ப எவனாவது இந்தக் கொதிகலனைத் தூக்கி இது தலையில வெச்சான்னா?"

குழந்தையின் கிளிப் நழுவாதபடி நானே இறுக்கி மாட்டினேன்.

மாத இறுதி நெருங்கியபோது எங்கள் மூவரையும் வரச் சொன்னார். பத்து கிளிப்புகளில், குழந்தையுடையதைத் தவிர எல்லாம் நிறைந்திருந்தன. பதினொன்றாவது, என் மருமகளுடையது, சன்னலோரம் தனியே இருந்தது. அதில் இரண்டே காப்புரிமங்கள் தொங்கின: நோயாளிக் கட்டிலின் நான்கு சக்கரங்களையும் ஒரே மிதியில் பூட்டும் அமைப்பு ஒன்று; மருந்துக் குப்பி மாட்டும் கம்பத்தை ஒற்றைக் கையால் ஏற்றியிறக்கும் பிடி மற்றொன்று.

"வழக்கு உங்களோடது இல்லம்மா," என்று சல்லடை தொடங்கினார். "தீர்ப்புல இருக்கற விலாசத்துல இருந்தவங்க இதோ, இவங்க." ஐந்தாவது கிளிப்பைத் தொட்டார். "இவங்களும் கருவி வடிவமைக்கிறவங்கதான். சொந்தமாப் பட்டறை வெச்சிருந்தாங்க. கொதிகலன் கேஸ்ல சாட்சி சொன்னவரு அந்தப் பட்டறையில கூட வேலை பாத்தவரு. விலாசம் ஒரு சாட்சி, கூட வேலை பாத்தவரு ரெண்டாவது சாட்சி. முடிஞ்சுது."

மகன் கைதட்டாத குறை. "அதை அப்படியே எழுதிக் குடுத்துடுங்க!"

"இருங்க தம்பி. அதே கிளிப்புல இன்னும் கொஞ்சம் தொங்குது. நீங்க குடுத்த விண்ணப்பத்துல ஏழு பேட்டன்ட்டுன்னு போட்டிருக்கு. அதுல அஞ்சு அதே விலாசத்துலேர்ந்து போயிருக்கு. சாட்சி சொன்னாரே, அவரு அந்த அஞ்சுலயும் கூட்டுக் கண்டுபிடிப்பாளர். பேரு ஒண்ணா இருக்கலாம். கூட வேலை பாக்கறவங்க ஒண்ணா இருக்க மாட்டாங்க. அஞ்சும் அந்த அம்மாவோடது."

"ஏழா?" என்றாள் மருமகள். "எனக்கு ரெண்டுதானே? ஏழுன்னு யாரு போட்டா?"

கீழே கடையில் யாரோ சைக்கிள் மணியை அடித்து அடித்துச் சோதித்துக்கொண்டிருந்தான்.

"நான்தான்," என்றான் மகன். "விண்ணப்பத்தோட இணைப்பை எல்லாம் நான்தானே டைப் பண்ணேன். உன் பேரைப் போட்டுத் தேடினேன், ஏழு வந்துச்சு. உனக்குத்தான் தன்னைப் பத்திச் சொல்லிக்கவே வராதே, மத்ததையெல்லாம் சொல்லாம விட்டிருப்பேன்னு நெனச்சேன்."

"சொல்லிக்கத் தெரியாதுன்னா அஞ்சு பேட்டன்ட்டையா ஒளிச்சு வெப்பேன்? அதென்ன, மாமியாருக்குத் தெரியாம வாங்கின புடவையா?"

சிஸ்டம் எதைச் செய்ததோ அதையே என் மகனும் செய்திருந்தான். அது கெட்டதைக் கொண்டுவந்து சேர்த்தது. இவன் நல்லதைக் கொண்டுவந்து சேர்த்தான். என் கோபமெல்லாம் அந்தப் பெண்ணிடம் தொலைபேசியிலேயே செலவாகிவிட்டதால் இவனைத் திட்ட மிச்சமில்லை.

அவன் சல்லடையிடம் திரும்பினான். "அக்கா, கேஸ் இவளோடது இல்லன்னு மட்டும் எழுதிக் குடுங்களேன். பேட்டன்ட்டைப் பத்தி அவங்க ஒண்ணும் கேக்கலையே."

"எப்படித் தெரியும்னு கேப்பாங்கள்ல? அந்த விலாசம் இவங்களோடது இல்லன்னு காட்டணும். காட்டினா அஞ்சும் கூடவே போயிடும். ஆளு ஒண்ணு தம்பி. அழுக்கைக் கழட்டிக் குடுத்துட்டு நகையை மட்டும் வெச்சுக்கறேன்னா நடக்குமா?"

"ஏழுன்னு பொய் சொன்னதாத்தானே நெனப்பாங்க? அப்பறம் வேலை எங்கேர்ந்து வரும்?"

அவன் சொன்னது உண்மை. வழக்கிலிருந்து தப்பிக்க உதவும் அதே காகிதம் விண்ணப்பத்தைக் குற்றக்கூண்டில் ஏற்றுகிறது.

மருமகள் எங்கள் இருவரையும் கவனிக்கவில்லை. ஐந்தாவது கிளிப்பின் கீழே நின்று வரைபடங்களை ஒவ்வொன்றாகப் புரட்டிக்கொண்டிருந்தாள்.

"மாமா, இந்த வால்வைப் பாருங்க. குறைமாசக் குழந்தைக்கு மூச்சு தளர்ந்துச்சுன்னா தானாத் தொறக்கும். ஸ்பிரிங்கே இல்ல! ரப்பர் மடிப்பை வெச்சே முடிச்சிருக்காங்க. எனக்கு இது சத்தியமாத் தோணியிருக்காது." பிறகு அருகில் தொங்கிய தீர்ப்பைப் படித்தாள். படித்து முடித்துக் கணவனைப் பார்த்தாள். "நீங்க டைப் பண்ணீங்க. கையெழுத்து யாரு போட்டது?"

"நீதான். ஷிஃப்ட்டுக்குக் கிளம்பற அவசரத்துல..."

"உள்ள என்ன இருக்குன்னு பாக்காம. பாத்துக் கையெழுத்துப் போடற வேலைக்கு, பாக்காம கையெழுத்துப் போட்டு விண்ணப்பம்! இந்த அம்மா கொதிகலனைப் பாக்கல, நான் காகிதத்தைப் பாக்கல. அவங்களாவது அஞ்சு கண்டுபிடிச்சாங்க."

சல்லடை கண்ணாடியை நெற்றியிலிருந்து இறக்கி, அவளை நன்றாகப் பார்த்தார். "எல்லாத்தையும் கட்டி அனுப்பட்டுமாம்மா?"

"எல்லாத்தையும்க்கா. ஒண்ணு விடாம."

அன்று மாலையே பதில் எழுத உட்கார்ந்தாள். எழுத்து வேலை என்பதால் நான் ஒரு வரைவு தயாரித்துக் கொடுத்தேன். 'விண்ணப்பத்தின் இணைப்பில் கவனக்குறைவினால் ஒரு பிழை நேர்ந்துள்ளது' என்று நயமாகத்தான் தொடங்கியிருந்தேன். அவள் வாசித்துவிட்டு மடித்து வைத்தாள். 'இணைப்பைப் படிக்காமல் கையெழுத்திட்டேன். ஏழில் என்னுடையவை இரண்டு. மற்ற ஐந்தும் வேறொருவருடையவை. அவை என்னுடையவற்றைவிடச் சிறந்தவை' என்று எழுதினாள். கடைசி வாக்கியம் தேவையா என்று கேட்டேன். "உண்மைதானே மாமா," என்றாள். என் நீண்ட பணிக்காலத்தில் இவ்வளவு சுருக்கமான, இவ்வளவு நேரான கடிதத்தை நான் திருத்தியதில்லை; இதில் திருத்தவும் ஒன்றுமில்லை.

பதில் வரும்வரை வீடு வீடாக இல்லை. மகன் தானாகவே பாத்திரம் தேய்த்தான். எவரும் கேட்காமலேயே காய் நறுக்கினான். நறுக்கியதை மறுபடியும் நறுக்கினான். "போதும், அது கூழாயிடும்," என்று அவள் கத்தியைப் பிடுங்கிக்கொண்டிருந்தபோதுதான் தொலைபேசி ஒலித்தது. மருத்துவமனைக் கண்காணிப்பாளர். கைகளில் ஈரம் என்பதால் அவள் ஒலிபெருக்கியில் போட்டாள்.

"கடிதம் படிச்சோம். கூட வந்த கட்டையும் படிச்சோம்," என்றது ஒரு பெண்குரல். "வழக்கு உங்களோடது இல்லன்னு குழு ஒத்துக்கிச்சு. அந்த நிறுவனத்துக்கும் எழுதியாச்சு."

"நன்றிங்க மேடம்."

"ஆனா அந்த ஏழு விஷயத்துல குழுவுல சண்டை. உங்களை எடுக்கவே கூடாதுன்னு ரெண்டு பேரு. தானா வந்து சொன்னவங்களை விடக்கூடாதுன்னு மூணு பேரு. கடைசியா ஒண்ணு முடிவு பண்ணோம். வேலை உங்களுக்குத்தான். ஆனா முதல் ஆறு மாசம் உங்க கையெழுத்து மட்டும் செல்லாது. நீங்க குடுக்கற ஒவ்வொரு சான்றிதழ்லயும் இன்னொரு பொறியாளரும் கையெழுத்துப் போடணும்."

எனக்குச் சுருக்கென்றது. பிரிவுத் தலைவரின் கையெழுத்துக்குத் துணைக் கையெழுத்தா! நான் வாய் திறப்பதற்குள் மருமகள் ஈரக்கையை உயர்த்தி என்னைத் தடுத்தாள். மகன் வெட்டுப்பலகையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"எனக்குச் சம்மதம் மேடம். ஒரே ஒரு கேள்வி."

"கேளுங்க."

"அந்த இன்னொருத்தர் கருவியைப் பாத்துட்டுத்தானே கையெழுத்துப் போடுவாரு? இல்ல, நான் போட்டிருக்கேன்னு போடுவாரா?"

கண்காணிப்பாளர், "அதை நாங்க யோசிக்கவே இல்லையேம்மா," என்றார்.

"அப்ப அதையும் எழுதிடுங்க," என்றாள் என் மருமகள். கையைத் துடைத்துக்கொண்டு, எந்தத் தேதியில் வேலையில் சேர வேண்டும் என்று கேட்டாள்.