உந்தக் கொக்கி என்னத்துக்கு?

புதுச் சாமானைத் தந்து பழசைக் கேட்கிறவனை நான் நம்புவதில்லை. மச்சான் செல்வரட்ணம் கொழும்பிலிருந்து வந்த கையோடு, சண்டிலிப்பாயில் நான் பம்பு திருத்துகிற கொட்டிலுக்குள் நுழைந்து ஒரு மடக்குக் குறட்டை மேசையில் வைத்தான். கத்தி, திருப்புளி, அரம் எல்லாம் ஒரே பிடிக்குள் மடங்கும். என்னிடம் இருந்ததும் அதே சாதிதான். இது புது மாதிரி.

"மாத்துவம் மச்சான்."

"ஏன், உதிலை என்ன பழுது?"

"பழுதில்லை. உன்ரை பழசிலை சின்னக் கத்தரி இருக்கு. உதிலை இல்லை. எனக்கு மீசை வெட்ட வேணும்."

"மீசையோ அது? மயிர்க்கொட்டிப் புழு எண்டெல்லோ நினைச்சன். பாவிச்சுப் பாத்துத்தான் சொல்லுவன்."

பக்கத்துத் தோட்டத்துப் பத்மாவதியின் பம்பு முன்னால் கிடந்தது, அவளும் பக்கத்தில் நின்றாள். எஞ்சின் ஓடியது, தண்ணீர் இழுக்கவில்லை. ரப்பர் சீலுக்குப் பின்னால் மணல் புகுந்திருக்க வேண்டும். சீலைக் கிழியாமல் எடுத்துக் கழுவ வேண்டும். கிழிந்தால் வேறில்லை, அரசாங்கம் சாமான்களுக்குத் தடை போட்டதிலிருந்து இந்தப் பக்கம் ஒரு சீலும் வருவதில்லை. அவளோ முதல் நாள்தான் மிளகாய்க் கன்று நட்டவள்.

"அண்ணை, கன்றெல்லாம் தலை சாயுது. வெய்யில் ஏற முந்தி ஓடுமோ?"

"கத்தாதை பிள்ளை. பாப்பம்."

புதுக் குறட்டால் நட்டுகளைக் கழற்றினேன். அதன் வாய் வழுக்கவில்லை. கத்தியை விரித்தால் பூட்டிக்கொண்டு நின்றது. பழசைப் போல விரலில் மடங்காது. அரம் மெலிசு, ஒரு வருசம் தாங்காது என்றேன். சீலுக்கு வந்தால் திருப்புளி விளிம்பு கூர், வெட்டிவிடும். அப்போதுதான் பிடியின் அடியில் மடங்கிக் கிடந்த ஒரு கொக்கியைக் கண்டேன். நுனி மழுங்கல்.

"உது என்னத்துக்கு?"

"தெரியாது. மீன் தூக்கவாக்கும்."

"என்ன மீன், நெத்தலியோ?"

"காது குடையிறதெண்டாலும் பரவாயில்லை," என்றாள் பத்மாவதி. "கெதியாப் பாருங்கோ அண்ணை."

சீலின் உள்விளிம்பில் கொக்கியை மாட்டி இழுத்தேன். ரப்பர் நீண்டது, சீல் அசையவில்லை. கொஞ்சம் திருப்பி, மெள்ள இழுத்தேன். டப்பென்று கையில் விழுந்தது. வெளிச்சத்தில் பிடித்துச் சுற்றிப் பார்த்தேன். ஒரு கீறல் இல்லை.

"அப்ப பழசைத் தா," என்றான் செல்வரட்ணம்.

"பொறு. தண்ணி வரட்டும்."

கழுவிப் பூட்டிக் கிணற்றடிக்குக் கொண்டுபோய் எஞ்சின் கயிற்றை இழுத்தோம். குழாய் இரண்டு தரம் இருமிவிட்டுத் தண்ணீரைக் கக்கியது. பத்மாவதி மண்வெட்டியோடு வாய்க்காலுக்கு ஓடினாள்.

பழசைக் கொடுத்தேன்.

"கொழும்பிலை விசாரி," என்றேன். "செய்தவன் கொக்கியைச் சும்மா வைச்சிருக்க மாட்டான்."