குங்குமம் அழிக்கும் காட்சி

சுகுமாரி காட்சித் தாளை மடித்துப் பரமசிவனின் கையிலேயே திருப்பிக் கொடுத்தாள்.

"அண்ணா, இதை மட்டும் செய்யச் சொல்லண்டாம். அவரு ஐசியூவில கெடக்காரு. இன்னைக்கு அஞ்சாம் நாளாக்கும்."

டிவி தொடரில் அவளுடைய கணவன் விபத்தில் இறந்துவிடுகிறான். உறவுப் பெண்கள் அவள் நெற்றிக் குங்குமத்தை அழித்துத் தாலியைக் கழற்ற வேண்டும். அவளுடைய நிஜக் கணவர் கிருஷ்ணன்குட்டியோ நெய்யாற்றின்கரை ஆஸ்பத்திரியில் கண் திறக்காமல் கிடந்தார். தினமும் நான்கிலிருந்து ஐந்து மணிவரைதான் பார்க்க விடுவார்கள்.

பரமசிவன் அந்தத் தொடரின் எக்ஸிக்யூட்டிவ் புரொட்யூசர். இருபத்து நான்கு வருடமாகத் திரைக்குப் பின்னால் நிற்பவர். பாறசாலையில் படப்பிடிப்புக்கு இந்த வீட்டைப் பிடித்தது, ஜெனரேட்டர் வரவழைத்தது, எல்லோருக்கும் நேரத்துக்குச் சோறு போடுவது எல்லாம் அவர் பொறுப்பு. கொடும் வெயிலில் மழை பெய்ய வைத்திருக்கிறார். கேட்ட அரைநாளில் யானையைக் கொண்டுவந்து நிறுத்தியிருக்கிறார். ஆனால் கதையில் ஒரு வரியை மாற்ற அவருக்கு அதிகாரமில்லை. காலையில் விளக்கின் முன் நின்று, 'இன்று என்னால் யாரும் அழக்கூடாது' என்று கும்பிட்டுவிட்டுத்தான் வீட்டை விட்டு இறங்குவார். அழுகையை நம்பி நடக்கிற தொழிலில் அது பெரிய வேண்டுதல்தான்.

சேனலில் கதைப் பொறுப்பிலிருந்த அனூப்பைப் போனில் அழைத்துக் காட்சியை மாற்றக் கேட்டார்.

"ஐயோ சேட்டா, டீசர் போயாச்சு. எபிசோடு நாளைக்கு. செத்த ஆளு வேற படத்துக்குப் போயி மீசையும் எடுத்தாச்சு. இனி தெய்வம் நெனைச்சாலும் அவனைப் பொழைக்க வைக்க முடியாது."

"ரெண்டு நாள் தள்ளிப் போட முடியாதா?"

"சேச்சிக்கு முடியலேன்னா சொல்லுங்க. அந்த வேஷத்துக்கு வேற ஆளைப் போட்டுரலாம்."

பக்கத்தில் நின்ற சுகுமாரிக்கும் அது கேட்டது. இந்த வேஷம் போனால் கணவரின் சிகிச்சையும் நின்றுபோகும். பரமசிவன் அவள் முகத்தைப் பார்க்காமல் போனைச் சட்டைப் பையில் போட்டார்.

அவர் கேட்டுக்கொண்டதற்காக இயக்குநர் ஒன்றுக்குச் சம்மதித்தார். நெற்றியையும் கழுத்தையும் வேறொரு பெண்ணை வைத்துக் குளோசப்பில் எடுக்கலாம். சுகுமாரி தனியாக அழுதால் போதும். ஆனால் உட்கார யாரும் முன்வரவில்லை. துணைநடிகைகள் ஆளாளுக்குத் தங்கள் தாலியைத் தொட்டுக்கொண்டார்கள்.

"நான் இருக்கேன் சாரே," என்றாள் மேரிக்குட்டி.

பூவாரிலிருந்து வந்து உடுப்புகளைப் பார்த்துக்கொள்பவள் அவள். மூன்று வருடத்துக்கு முன் கடலுக்குப் போன அவள் புருஷன் நார்பர்ட் திரும்பவில்லை. உடலும் கரை ஒதுங்கவில்லை.

"வேண்டாம் மேரிக்குட்டி."

"இனி எனக்க கழுத்துல போறதுக்கு என்ன சாரே உண்டு? எனக்க நெறமும் அவளுக்க நெறமும் ஒண்ணுதான். மேக்கப்புக்கும் லாபம்." சிரித்தாள். பரமசிவன் தலையசைத்தார். அசைத்த உடனேயே, தான் செய்தது பாவம் என்று அவருக்குத் தோன்றியது.

உணவு இடைவேளைக்குப் பிறகு மேரிக்குட்டிக்குப் பொட்டு வைத்துத் தாலிச் சரடு கட்டினார்கள். கேமரா ஓடியது. உறவுக்காரியாக நடித்த ஒருத்தியின் கை சரட்டில் பட்டதும் மேரிக்குட்டி அதை இறுகப் பிடித்துக்கொண்டாள். விடவில்லை.

"நேச்சுரலா இருக்கு, அப்படியே பிடிங்க," என்றார் இயக்குநர்.

"அவரு வருவாருன்னு ஒரு வருஷம் இதைப் போட்டிருந்தேன்," என்றாள் மேரிக்குட்டி, யாரிடம் என்றில்லாமல். "பின்னே நானே கழத்தினேன்."

கட் சொல்ல வேண்டும் என்று பரமசிவனுக்கு வாய் துடித்தது. இத்தனை வருடத்தில் அந்தச் சொல்லைச் சொல்லும் உரிமை அவருக்கு ஒருநாளும் இருந்ததில்லை.

சுகுமாரி விறுவிறுவென்று கேமராவுக்கு முன்னால் போனாள். "எக்கா, எந்திரி. ரெண்டு தடவை நீ அறுக்கண்டாம்."

"நீ போ பிள்ளே. உனக்கு ஆளு உண்டு."

"எந்திரின்னு சொன்னேன்லா!"

சரடு சுகுமாரியின் கழுத்துக்கு மாறியது. ஒரே ஷாட்டில் எடுத்து முடித்தார்கள். எல்லோரும் கை தட்டினார்கள். பரமசிவன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மணி மூன்றே முக்கால். ஒப்பனை அறைக் கண்ணாடியில் சுகுமாரியின் நெற்றி வெறுமையாக இருந்தது. இப்படியே கணவர் முன் போய் நிற்க முடியாது. ஆனால் கை மேலே எழவில்லை. மேரிக்குட்டி குங்குமச் சிமிழை நீட்டினாள். விரல் நுனிகூடக் குங்குமத்தில் படாமல் பார்த்துக்கொண்டாள்.

"நீயே வச்சு விடு எக்கா."

"நான் வைக்கப்பிடாது பிள்ளே. வேற யாரையாவது விளிக்கேன்."

"நீ வச்சாத்தான் போவேன். நேரம் போவுது."

மேரிக்குட்டி சிலுவை போட்டுக்கொண்டு வைத்தாள். பொட்டு சற்றுக் கோணலாகவும் பெரிதாகவும் விழுந்தது. சுகுமாரி அதைச் சரிசெய்யவில்லை.

பரமசிவனே இருவரையும் ஏற்றிக்கொண்டு காரை ஓட்டினார். அமரவிளைப் பாலத்தருகே வண்டிகள் அசையாமல் நின்றன. ஹாரன் அடித்தார். இறங்கிப் போய்ப் பார்த்தார். திரும்பி வந்து உட்கார்ந்தார். ஆஸ்பத்திரியை அடைந்தபோது ஐந்துக்குப் பத்து நிமிடம் இருந்தது. உள்ளே ஒருவரைத்தான் விட்டார்கள்.

வெளியே பெஞ்சில் மேரிக்குட்டி ஜெபமாலை உருட்டினாள். பரமசிவனின் போன் அடித்தது.

"சேட்டா, சீன் கிடிலன், அசத்திட்டாங்க!" அனூப் உற்சாகமாக இருந்தான். "பாத்துட்டு சேனல் எம்டிக்குக் கண்ணு நெறைஞ்சு போச்சு. நாளைக்கு பதினாறாம் நாள் சடங்கு எடுக்கணும். சேச்சி காலையில ஆறு மணிக்கு வந்துருவாங்கல்லா?"

பரமசிவன் அந்த மூடிய கதவைப் பார்த்தார். "கேட்டுச் சொல்றேன்," என்றார்.

ஐந்து மணிக்குச் சுகுமாரி வெளியே வந்தாள். பொட்டு நெற்றி முழுவதும் கலைந்திருந்தது.

"கண்ணு தொறக்கல்ல எக்கா. அவருக்க கையைத் தூக்கி எனக்க நெத்தியில வச்சேன். வெரலெல்லாம் குங்குமம் ஒட்டிப் போச்சு. நர்சுப் பிள்ளை பஞ்சும் கொண்டு துடைக்க வந்தா. எனக்க முகத்தைப் பாத்தா. பின்னே துடைக்காமலே போயிட்டா."