லெட்சுமி பெயரில் ஒரு சிரிப்பு

"படத்துல இருக்க அந்த எழுத்த அழிக்க ஏலாதாம் அக்கா. மூஞ்சிக்குக் குறுக்காலயே போவுதாம். அழிச்சா மூக்கும் சேந்து போயிருமாம்."

"அழிக்கச் சொல்லாத. எழுத்தில்லாத பிரதி கேட்டிருக்கேன். லண்டன்ல இன்னும் விடியல."

"பேனர் கடைக்காரரு மத்தியானத்துக்கு மேல கைய விரிச்சுருவாரு. லண்டன்காரன் எந்திரிச்சு, பல்லு வெளக்கி, தேத்தண்ணி குடிச்சு, அதுவும் நம்ம தேத்தண்ணிய..."

அம்மாவின் உடல் உள்ளே கிடத்தப்பட்டிருப்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தவன்போல ஜீவராஜ் பேச்சை நிறுத்திக்கொண்டான்.

அவன் அக்கா வினோதா தேயிலைத் தோட்டத்து லயவீட்டு வாசலில் நின்று மறுபடியும் ஃபோனைப் பார்த்தாள். பதில் இல்லை.

கொழும்பில் அவளுக்கு வேலையே பழைய படச்சுருள்களைத் தேடுவதுதான். யாரோ ஆவணப்படம் எடுப்பார்கள். அதற்கு வேண்டிய காட்சி எந்த நாட்டுக் காப்பகத்தில் கிடக்கிறதென்று துழாவி, பார்ப்பதற்கு மட்டும் ஒரு பிரதி வரவழைத்து, பிடித்திருந்தால் உரிமை வாங்கித் தர வேண்டும். யாரும் திருடிவிடாதபடி அந்தப் பிரதியில் காப்பகத்தின் பெயர் குறுக்கே விழுந்திருக்கும். லண்டனிலிருந்து அப்படி வந்த ஒன்றில்தான் போன வருடம் ஒரு பெண்ணைக் கண்டாள். பொகவந்தலாவை மலையொன்றில், முதுகில் கூடையோடு நிமிர்ந்து, படம் பிடிப்பவனைப் பார்த்துப் பல் தெரியச் சிரிக்கிறாள். அம்மாவின் நெற்றி, அம்மாவின் கண்.

பொங்கலுக்கு வந்தபோது காட்டினாள். "அம்மா, இது நீங்கதானே?"

லெட்சுமி நெடுநேரம் பார்த்தாள். "ஆமா, வேற யாரு?" என்றாள். அன்று முழுக்க அதையே போடச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தாள். 'பெயர் தெரியாத தொழிலாளி' என்றிருந்த குறிப்பை 'லெட்சுமி' என்று மாற்றும்படி வினோதா காப்பகத்துக்கு எழுதினாள். அவர்களும் மாற்றினார்கள்.

வீட்டில் எடுத்த படங்களிலெல்லாம் அம்மா முந்தானையால் வாயைப் பொத்தியிருந்தாள். எவ்வளவு கெஞ்சினாலும் எடுக்க மாட்டாள். பஜாரில் கட்டும் அஞ்சலி பேனரிலாவது அம்மா அந்தப் பழைய சிரிப்போடு இருக்க வேண்டும். வினோதாவுக்கு இன்று வேண்டியது அது ஒன்றுதான்.

"அதப் போட வேணாம் பாப்பா."

அப்பா பழனியாண்டி கதவுநிலையைப் பிடித்தபடி நின்றார்.

"எழுத்தில்லாமத்தான்ப்பா போடுவோம்."

"எழுத்துக்குச் சொல்லல. அது உங்கம்மா இல்ல. ராக்காயி. உங்கம்மா எந்தக் காலத்துல பல்லக் காட்டிச் சிரிச்சா?"

ராக்காயி அம்மாவின் அக்கா. இலங்கை, இந்திய அரசுகள் போட்ட ஒப்பந்தத்தில் இந்தியாவுக்குப் பேர் விழுந்து போனவள். அட்டன் ரயில் நிலையத்தில் கோச்சி ஏற்றிவிட்டதோடு சரி. அதன்பிறகு ஒரு சேதியும் இல்லை.

"தான்தான்னு சொன்னாங்களேப்பா."

"அக்கான்னு சொன்னா அழுவணும். தான்னு சொன்னா சிரிச்சுக்கிட்டே பாக்கலாம்ல."

ஜீவராஜ் உள்ளே போய், பேனருக்கு அம்மாவின் அடையாள அட்டையை எடுத்துக்கொண்டு பஜாருக்கு இறங்கினான். அதில் முந்தானையை எடுக்கச் சொல்லி யாரோ அதட்டியிருக்க வேண்டும், உதடுகள் இறுகியிருந்தன.

வினோதா காப்பகத்துக்கு எழுதத் தொடங்கினாள். பிரதி தேவையில்லை என்று எழுதினாள். குறிப்பிலுள்ள பெயர் தவறு என்று எழுதியவள், அனுப்பாமல் வைத்திருந்தாள்.

அப்பா பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "ஒருக்கா போடு."

போட்டாள். ராக்காயி நிமிர்ந்தாள், சிரித்தாள், திரை கறுத்தது.

"இதுக்கப்புறம்?"

"இவ்வளவுதான்ப்பா இருக்கு."

அவர் ஃபோனை வாங்கி, கறுத்த திரையைப் பெருவிரலால் துடைத்தார். உள்ளே பெண்கள் அம்மாவுக்குச் சீலை மாற்றும் சத்தம் கேட்டது.

"அன்னைக்கு அட்டன்ல உங்கம்மா கோச்சி கூடவே ஓடுனா. ராக்காயி திரும்பியே பாக்கல. என்ன கோவமோன்னு சாகுற வரைக்கும் சொல்லிக்கிட்டிருந்தா. தலைமன்னார்ல சனம் இந்தியாவுக்குக் கப்பல் ஏறுனதையும் எவனாச்சும் புடிச்சிருப்பான்ல? உங்கம்மா உன்கிட்ட கேக்கணும், கேக்கணும்னே இருந்தா. கூச்சம் அவளுக்கு."

வினோதா ஃபோனை வாங்கக் கை நீட்டினாள். அவர் கொடுக்கவில்லை.

"தேடிப் பாக்குறியா பாப்பா? ராக்காயி இடுப்புல கைப்புள்ள இருக்கும். கப்பல்ல ஏறையிலயாச்சும் ஒருக்கா திரும்பிப் பாத்தாளான்னு மட்டும்."