தலையாட்டி வரும் இடம்

லோறன்ஸ் வாசிப்பார் என்று தியேட்டர்க்காரருக்கு வாக்குக் கொடுத்தது நான்தான். ஜேர்மனியில், வுப்பர்டாலில் தமிழ்ப் பூசைக்கு ஆர்கன் வாசிக்கிற என் மனுசன் ஓர் ஊமைப்படத்துக்கு வாசிக்கமாட்டாரா என்ன? தியேட்டர்க்காரருக்கு ஆள் வேண்டும், எங்களுக்கு வேலை ஒப்பந்தம் வேண்டும். திங்கட்கிழமை வெளிநாட்டவர் அலுவலகத்தில் டெர்மின், விசாவுக்கு வரச்சொல்லிக் குறித்த நாள். அந்தத் தாள் இல்லாமல் போனால் எங்கள் இரண்டு பேரையும் கொழும்புக்கு ஏற்றிவிடுவார்கள்.

ஞாயிறு மதியம் பரீட்சைக் காட்சி. எண்பது வருடத்துக்கு முந்திய படம். பேர்லின் கள்ளர் கூட்டம், அவர்கள் கூடும் நிலவறைக் குடிக்கடை, துரத்துகிற பொலிஸ். கள்ளர்கள் சந்து சந்தாக ஓட, லோறன்ஸின் விரல்களும் கூடவே ஓடின. சனம் ரசித்துச் சிரித்தது. ஒப்பந்தம் கைக்கு வந்த மாதிரித்தான் என்று நினைத்தேன்.

பிறகு பொலிஸ் எல்லாரையும் வரிசையில் நிறுத்தியது. தலையில் சாக்குப் போட்ட ஒருவனைக் கொண்டுவந்தார்கள். சாக்கில் கண்ணுக்கு இரண்டு ஓட்டை. கள்ளர்கள் ஒவ்வொருவராக அவன் முன்னால் வர, அவன் யாருக்குத் தலையாட்டினானோ அவனை வண்டியில் ஏற்றினார்கள்.

இசை நின்றுவிட்டது.

தொண்ணூறாம் ஆண்டு எங்கள் ஊர்ச் சுற்றிவளைப்பில் இப்படித்தான் ஒரு தலையாட்டி ஆட்ட, என் அண்ணனை ஆமி கொண்டுபோனது. அவன் திரும்பவேயில்லை. அதை நினைத்துத்தான் மனுசனுக்குக் கை ஓடவில்லை என்று எனக்கு நெஞ்சு உருகியது. பற்றிக்கொண்டும் வந்தது. துக்கப்பட வேறு நாள் கிடைக்கவில்லையா இவருக்கு?

படம் முடிந்ததும் தியேட்டர்க்காரர் ஓடிவந்தார். அந்த மௌனம் அபாரமாம். கிழமைக்கு ஒருமுறை இந்தப் படம் போடுவாராம், இரண்டு வருட ஒப்பந்தமாம். ஒவ்வொரு முறையும் அதே இடத்தில் நிறுத்தினால் போதுமாம். லோறன்ஸுக்குத் தமிழில் சொன்னேன்.

"என்னால ஏலாது, நேசம்."

"அண்ணையை நினைச்செண்டாலும் வாசியுங்கோ."

அவர் ஆர்கன் மூடியை மூடினார். என்னைப் பார்க்கவில்லை.

"அண்டைக்குச் சாக்குக்குள்ள நிண்டது நான்தான். அடி தாங்கேலாமல் உன்ர அண்ணைக்குத் தலையாட்டினனான்."

பதினொரு வருடம் இந்த மனுசனுக்குச் சோறு போட்டிருக்கிறேன். அண்ணனின் ஒவ்வொரு திவசத்துக்கும் பக்கத்தில் முழந்தாளில் நின்று செபித்தவர். கத்தவேண்டும் போல் இருந்தது.

தியேட்டர்க்காரர் பேனையை நீட்டிக்கொண்டு, என்ன சொல்கிறார், சம்மதமா என்று என்னைக் கேட்டார்.

தலையை ஆட்டினேன்.

பிறகு லோறன்ஸிடம் சொன்னேன்: "கையெழுத்தைப் போடுங்கோ. ஒவ்வொரு கிழமையும் நான் முன்வரிசையில இருப்பன்."