ஏழாம் ஜன்னலின் பூச்சி

மணியை அடித்தது யோலி.

அந்தச் சத்தம் ஹெஸ்டரின் முதுகில்தான் விழுந்தது. காவல் முறை அவளுடையதுதான். ஸ்டூவைச் சூடு பண்ண மைக்ரோவேவ் பக்கம் போனவள், "கொஞ்சம் பார்த்துக்கோ" என்று யோலியிடம் சொல்லிவிட்டு எழுந்திருந்தாள். அவ்வளவுதான்.

"ஹெஸ்டர்! ஓடி வாங்க! ஏழாம் ஜன்னல்!"

ஓடினாள். பார்த்தாள்.

ஆள் உயர வட்டம். அதற்கு அப்பால் இன்னொரு பிரபஞ்சம். சாம்பல் நிறத்தில் ஒரு குளம், கரை முழுக்கக் கல். திறந்த நாளிலிருந்து ஒரு புல்லைக்கூடக் காட்டாத உலகம் அது. இப்போது ஒரு கல்லின் மேல் நீலப் பூச்சி! உள்ளங்கை அகலம். இறக்கையை மடித்து, வாலை ஈர மணலில் செருகி, நிதானமாக முட்டையிட்டுக்கொண்டிருந்தது.

"நம்ம பக்கத்திலேர்ந்துதான் போச்சு," யோலிக்கு மூச்சு வாங்கியது. "கதவிடுக்குல நுழைஞ்சு, என் காதை உரசிட்டு, நேரா ஜன்னலுக்குள்ள! வாசல்ல சேஜ் புதரை வட்ட வட்டமா எது கடிக்குதுன்னு மண்டையை உடைச்சுக்கிட்டோமே? இதுதான்! இங்க சாப்பாடு, அங்க பிரசவம். நீங்க சொன்ன, ரெண்டு உலகத்துக்கும் பாலமா இருக்கிற பிராணி, ஹெஸ்டர்!"

நீங்க சொன்ன.

ஹெஸ்டருக்குச் சுருக்கென்று தைத்தது. பிரபஞ்சங்கள் தனித்தனிக் காடுகள் இல்லை, எல்லாம் சேர்ந்து ஒரே காடு. ஒன்றில் தின்று இன்னொன்றில் பெருகும் உயிர் இருந்தே தீரும் என்று கருத்தரங்கு கருத்தரங்காகத் தொண்டை வறளக் கத்தியவள் ஹெஸ்டர் வான்ஸ். சிரித்தார்கள். அந்தச் சிரிப்புக்குப் பதில் சொல்லத்தான் இந்த நியூ மெக்ஸிகோ பாலைவன நிலையத்தில் உட்கார்ந்து தலை நரைத்தாள். யோலி பாக்கா வந்து இன்னும் ஒரு குளிர்காலம்கூட முடியவில்லை. அவள் காதை உரசிக்கொண்டு போகிறதாம்!

ஜன்னல் வெளிச்சத்தில் எந்தக் கேமராவும் வெளுத்துப்போகும். கண்தான் சாட்சி. அதனால் நிலையத்தில் ஒரு வழக்கம். முதலில் பார்த்தவர் மணி அடிக்க வேண்டும். இரண்டாவதாக இன்னொரு ஆய்வாளர் பார்த்துவிட்டுக் கையைத் தூக்க வேண்டும். கை எழாத மணி வெறும் சத்தம். எழுந்துவிட்டால் கண்டுபிடிப்பு மணி அடித்தவருக்கு. பெயர் வைக்கும் உரிமையும் அவருக்கே. தன் பெயரை மட்டும் வைக்கக் கூடாது.

ஹெஸ்டரின் கை இடுப்போடு ஒட்டிக்கொண்டது.

"எங்கே?" என்றாள்.

"அந்தக் கல்லு மேல!"

"கல்லுதான் தெரியுது."

யோலி திரும்பி அவளையே பார்த்தாள். "விளையாடாதீங்க."

"உன் வயசுல நானும் நிறைய பார்த்திருக்கேன். ஆசைப்பட்டா எல்லாம் தெரியும்."

மின்சாரப் பொறியாளர் டுவேன் சாவிக்கொத்தோடு உள்ளே வந்தான். "என்ன மணி? சாப்பாடு ரெடியா? சீக்கிரம் சொல்லுங்க, உயிரில்லாத ஜன்னல்னு ஏழாம் நம்பரை இப்ப மூடணும். மூடிட்டா அப்புறம் அந்த உலகம் கிடைக்கவே கிடைக்காது."

"டுவேன், உனக்குத் தெரியுதா இல்லையா?"

"நீலமா ஒண்ணு உக்காந்திருக்கு. ஆனா நான் ஆய்வாளர் இல்லையே, என் கை செல்லாதே யோலி. செல்லும்னா ரெண்டு கையையும் தூக்கிட்டு நிப்பேன்."

"ஹெஸ்டர், ப்ளீஸ்," யோலியின் குரல் உடைந்தது. "எனக்காக வேண்டாம். அதுக்காக."

ஹெஸ்டர் உதட்டைக் கடித்துக்கொண்டாள். மூடட்டும். எனக்கில்லாதது இவளுக்கு மட்டும் எதற்கு?

டுவேன் சாவியைத் துளையில் நுழைத்தான்.

பூச்சி எழுந்து பறந்தது. குளத்தைத் தாண்டியது. எதிர்க்கரையில், இத்தனை நாள் பாறை நிழல் என்று நினைத்திருந்த இடத்தில், ஒரு வட்டம் பளீரென்று திறந்தது.

இன்னொரு ஜன்னல். அதற்குள் ஒரு அறை. நாற்காலியில் ஒரு பெண். நரைத்த பின்னல், முழங்கையில் ஒட்டுப்போட்ட பச்சை ஸ்வெட்டர்.

ஹெஸ்டர் தன் முழங்கையைத் தொட்டுப் பார்த்தாள். அதே ஒட்டு.

அந்த ஹெஸ்டர் ஸ்டூ சூடு பண்ணப் போகவில்லை. நாற்காலியை விட்டு அசையவே இல்லை. பூச்சி அவள் தலைக்கு மேல் பறந்து அறைக்குள் போனது. அவள் துள்ளி எழுந்து மணியை அடித்தாள். சத்தம் கேட்கவில்லை, ஆடிய மணி தெரிந்தது. பின்னாலிருந்து இன்னொரு யோலி ஓடி வந்தாள். ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. கையைத் தூக்கிவிட்டாள். இருவரும் கட்டிக்கொண்டு குதித்தார்கள்.

ஹெஸ்டருக்குப் பொறாமை பற்றி எரிந்தது. யோலிமேல் இருந்ததெல்லாம் இதற்கு முன்னால் வெறும் புகை. அதே முகம், அதே நரை, அதே கருத்தரங்கு அவமானங்கள். ஆனால் ஜெயித்தவள் அவள்! அந்தக் கழுதைக்கு எல்லாம் வேண்டுமோ?

"எடுடா சாவியை!" என்று கத்தியபடி கையைத் தூக்கினாள். தோள் வலிக்கும் அளவுக்குத் தூக்கினாள். "பார்த்தேன்! மணி அடிச்சப்பவே பார்த்தேன்! நம்ம மணிதான் முதல்ல! அவ அப்புறம்தான் அடிச்சா, நீயும்தானே பார்த்தே?"

டுவேன் சாவியை உருவிக்கொண்டு சிரித்தான். "அவ உலகத்துல அவ, நம்ம உலகத்துல நாம. யாருக்குத் தெரியப்போவுது?"

"எனக்குத் தெரியும்ல!"

யோலி சிரிக்கவில்லை. "அப்போ, தெரிஞ்சேதான் இல்லைன்னீங்க."

ஹெஸ்டர் தூக்கிய கையை இறக்காமல் நின்றாள்.

யோலி மணிக்குப் பக்கத்தில் தொங்கிய சிலேட்டை எடுத்தாள். "பூச்சிக்குப் பேர் முதல்லயே முடிவு பண்ணிட்டேன். 'ஹெஸ்டர்'தான்."

ஹெஸ்டருக்குக் கண் கலங்கியது. "யோலி... நான்..."

"மணி அடிச்சப்ப உங்க பேர்தான். இப்ப அப்படி நினைச்சுக்காதீங்க." யோலி சாக்பீஸால் எதிர்க்கரையைக் காட்டினாள். "அதோ, அவங்க பேர்."