நாற்பத்து மூன்று படிகள்

1

சாட்சி சொல்ல வாருங்கள், வாசகரே! ஒன்பது வயதுச் சிறுமி ஒருத்தி, படியேறத் தெரிந்த குற்றத்துக்காக நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டிருக்கிறாள்.

(இந்தத் தொடக்கம் பிறகுதான் தோன்றியது. முதலில் எழுதியது வேறு.)

ஒப்புக்கொண்டுவிடுகிறேன்: இந்தக் கதை இரக்கத்தில் பிறக்கவில்லை, மேடைக்காகப் பிறந்தது. சாலை விபத்தில் ஊனமுற்ற பிள்ளைகளின் இழப்பீடு பற்றி நான் பேசவிருந்த கூட்டத்துக்கு, கேட்போர் கண்ணைக் கசக்கும்படியாக ஒரு குழந்தை தேவைப்பட்டது. தெரிந்த வக்கீல் ஒருவர், "நாளைக்கு ஒரு கேஸ் இருக்கு, வாங்க. கல்லும் கரைஞ்சுடும்" என்றார். கைக்குட்டையோடு போனேன்.

2

முதல் வரைவு: "வாடிய மலரென அன்னையின் தோளில் துவண்டு கிடந்த அந்தப்

அடித்துவிட்டேன். பொய். அவள் துவளவில்லை.

மூன்றாண்டுகளுக்கு முன், பள்ளி வாசலில் தண்ணீர் லாரி மோதி, அவளுடைய வலது கால் முழங்காலுக்குக் கீழே போயிற்று. இப்போது செயற்கைக் கால். சலவைக் கடையில் இஸ்திரி போடும் அவள் தாய், கனத்த துணிப்பை ஒன்றோடு பின்னால் நின்றாள். விசாரணை இரண்டாம் மாடியில். மின்தூக்கி பழுது.

"அம்மா தூக்கிட்டுப் போகட்டும் பாப்பா" என்றார் வக்கீல், குரலைத் தாழ்த்தி. "நீயா ஏறுறத எதிர்த்தரப்பு பாத்தா, ஊனம் கம்மின்னு இழப்பீட்டைக் குறைக்கச் சொல்வாங்க. அப்புறம் அடுத்த காலுக்கு எங்க போறது?"

"அம்மாவுக்கு இடுப்பு வலி அங்கிள். நீங்க வேணா தூக்குறீங்களா?"

வக்கீல் தம் தொந்தியைப் பார்த்துக்கொண்டார்.

"விடுங்க சார்" என்றாள் தாய். "இவ என்னைக்குச் சொன்ன பேச்சைக் கேட்டா!"

ஏறினாள். [இங்கே ஓர் உவமை இருந்தது. எடுத்துவிட்டேன். அவள் ஏறியதற்கு ஈடான உவமை என் மூட்டையில் இல்லை.] நல்ல கால் முதலில், மற்றது பிறகு, படிக்கு ஓர் எண், வாய்விட்டு. முப்பதில் நின்றாள். உதட்டைக் கடித்தாள். நான் கை நீட்டினேன்.

"தள்ளுங்க, எண்ணிக்கை விட்டுப்போயிடும்."

நாற்பது ஆண்டுகளாக "எழுக! எழுக!" என்று மேடைதோறும் முழங்கியவன் நான். எழுவது என்றால் என்னவென்று அன்றுதான் பார்த்தேன். அவளுக்கு இரண்டு படி கீழே, பின்தொடர்ந்தேன்.

"நாப்பத்தி மூணு!"

மேல்படியில், எதிர்த்தரப்பான லாரியின் காப்பீட்டு நிறுவனத்தின் வக்கீல் நின்றிருந்தார்.

3

"மனுதாரர் எவர் துணையுமின்றி மாடி ஏறியதைக் கண்ணால் கண்டேன்" என்றார் அவர், நீதிபதியிடம். ஆகவே மருத்துவர் எழுதிய ஊன விழுக்காட்டைக் குறைக்க வேண்டுமாம்.

(அடிக்குறிப்பாக ஒன்று: அந்த மனுவில் 'வருமானம்' என்றொரு கட்டம், எதிரே 'இல்லை' என்ற தட்டச்சு. பால்பல் விழுகிற வயதில் சம்பளம் கேட்கிறது காகிதம்!)

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "நீயேவாம்மா ஏறி வந்த?"

'இல்லை என்று சொல்' என்று சிறுமியின் வக்கீல் புருவத்தால் கெஞ்சினார். வெட்கத்தோடு எழுதுகிறேன்: நானும் அதையே விரும்பினேன். அவருக்கு வழக்குக்காக, எனக்குக் கூட்டத்துக்காக, அவள் துவண்டாக வேண்டியிருந்தது.

"ஆமா சார். நாப்பத்தி மூணு படி. முப்பதுல வலிச்சுது."

"ஏன்?"

"அம்மா, பையைக் குடு."

பையிலிருந்து இரண்டு செயற்கைக் கால்கள் வந்தன. அவற்றை மேசையில் நிறுத்தினாள். பெஞ்சில் உட்கார்ந்து, அணிந்திருந்ததையும் கழற்றி, மூன்றாவதாக வைக்கத் தாயிடம் நீட்டினாள். எஞ்சிய காலின் முனை சிவந்து, தோல் உரிந்திருந்தது.

"அது ஆறு வயசுல. அது ஏழரைல. இது போன வருஷத்துது, இப்பவே பத்தல. நான் வளர்றேன் சார். அது வளர மாட்டேங்குது."

பிறகு, மேசையில் மிச்சமிருந்த இடத்தைக் காட்டினாள். "அடுத்தது அங்க."

காப்பீட்டு வக்கீல் தம் கோப்பை அந்த இடத்தில் வைக்கப் போனார். வைக்கவில்லை. கையிலேயே பிடித்துக்கொண்டார்.

4

முடிவு ஒன்று: நீதிபதி கண்ணீர் மல்க... (கிழித்தேன். கண்ணீர் வந்தால்தான் நீதி வரும் என்றால், அழகாக அழத் தெரியாத பிள்ளைகள் எங்கே போவார்கள்?)

முடிவு இரண்டு: விழுக்காடு குறைகிறது. செய்தி பரவுகிறது. வேறொரு நீதிமன்ற வாசலில் வேறொரு தாய், தானாக ஏறப்போகும் தன் பிள்ளையை இழுத்துப் பிடித்து, "ஏறாத, யாராவது பாத்துடப் போறாங்க" என்று

இந்த வாக்கியத்தை முடிக்க மாட்டேன்.

நடந்தது இவ்வளவே: தீர்ப்பு அடுத்த செவ்வாய்க்கு ஒத்திவைக்கப்பட்டது. அவள் காலை மாட்டிக்கொண்டு இறங்கினாள்.

"இறங்கும்போது எண்ணலியா?" என்றேன்.

"அதே படிதானே சார்!"

5

ஆகவே, என் கூட்டம் ரத்து. அழுவதற்கு இனி ஆள் வேண்டாம், கேட்பதற்கு வேண்டும். எழுந்து நின்ற பிள்ளைக்குத் தண்டமும் விழுந்து கிடக்கும் பிள்ளைக்குப் பரிசும் தரும் அளவுகோலை எவன் செய்தான்? வளரும் பிள்ளைக்கு வளர்ந்து முடியும்வரை கால் தருவது யார் கடமை? இவற்றை நான் ஒருவன் கேட்டால் கதை. நீங்கள் எல்லோரும் கேட்டால் வழக்கு.

செவ்வாய், காலை பத்து மணி, இரண்டாம் மாடி. கைக்குட்டையை வீட்டில் விட்டு வாருங்கள். பின்பெஞ்சுகளை நிரப்புங்கள். மின்தூக்கி இன்னும் ஓடவில்லை, அதையும் கேளுங்கள். படிகளில் எண்ணிக்கொண்டே ஏறுங்கள். முப்பதில் ஒரு கணம் நில்லுங்கள்.

பிறகு ஏறுங்கள்.